திரும்பாத கைப்பிடி

"எம் பொண்ணு தன் ஊர்க்காரங்களையே குளிர்ல சாக விடுவாளாங்க? நீங்களே சொல்லுங்க!"

கதவைக்கூடத் தட்டாமல் உள்ளே வந்த அந்த அம்மாவுக்கு மூச்சு வாங்கியது. நிதானம் நாற்காலியை இழுத்துப் போட்டார். எதற்கும் பதறாதவர் என்பதால் மூன்று உலகத்திலும் அவருக்கு அதுதான் பெயர். அவருடைய உதவியாளர், கப்பல் சமையலை உதறிவிட்டு இந்தத் துப்பறியும் வேலைக்குத் தாவிய பெண்மணி. அவரைப் பட்டாசு என்பார்கள். ஏன் என்று நான் சொல்லித்தான் தெரிய வேண்டுமா!

பட்டாசு தண்ணீர் கொடுத்தார். வந்தவர் கம்பளிக் கையுறையோடு வாங்கிக் குடித்தார்.

"இந்தப் புழுக்கத்துல எதுக்கும்மா அது?"

"பெரியவங்க முன்னாடி வெறுங்கையோட நிக்கிறது எங்க ஊர்ல மரியாதை இல்லைங்க. பதவியேத்த அன்னிக்குக்கூட, நான் பின்னிக் குடுத்ததப் போட்டுக்கிட்டுத்தான் எம் பொண்ணு மேடையில நின்னா. எந் தம்பிக்கு என்ன பெருமைங்கிறீங்க! அவன்தானே அவளுக்கு முந்தி பனியுலக ஆட்சியரா இருந்தான்."

விஷயம் இதுதான். மூன்று உலகங்களுக்கும் ஒரே ஆட்சி, மூன்று ஆட்சியர்கள். பனியுலகத்து வீடுகள் விறைக்காமல் இருப்பது மணலுலகத்துக் கடலிலிருந்து வரும் வெந்நீரால். உலகங்களுக்கு நடுவே அதைத் திறந்துவிடும் வான்மதகுக்கு மூன்று கைப்பிடிகள், ஆட்சியருக்கு ஒன்று. இரண்டைத் திருப்பினால் நீர் குறையும். மூன்றாவதையும் திருப்பினால்தான் அடியோடு நிற்கும். அப்படி நின்றுவிட்டால், மூன்றாவதைத் திறக்கும்வரை மற்ற இரண்டும் அசையாது. அந்த மூன்றாவது, பனியுலக ஆட்சியருடையது. ஓர் உலகத்தின் உயிரை அந்த உலகத்தின் கை இல்லாமல் யாரும் நிறுத்தக் கூடாது. கூட்டாட்சி நிற்பதே இந்த ஒரு விதியின் மேல்தான். கைப்பிடியும் தனக்குப் பழகிய ஒரே கைக்குத்தான் அசையும். பதவியேற்பவர் ஒரு முழு நாள் அதைப் பிடித்திருந்து பழக்க வேண்டும். புதுக் கை பழகியதும் பழைய கையை அது மறந்துவிடும்.

முந்தைய நாள், மதகைச் சுத்தம் செய்வதற்காக மற்ற இரு ஆட்சியரும் தங்கள் கைப்பிடிகளைத் திருப்பியிருந்தார்கள். விடிந்து பார்த்தால் மூன்றாவதும் திரும்பிக் கிடந்தது.

"திறந்து விடச் சொன்னா, திரும்பலைங்கிறா. நடிக்கிறாளாம்! பழிய மத்த ரெண்டு பேர் மேல போட்டு ஆட்சிய உடைக்கப் பார்க்கிறாளாம்! அவள இறக்கிட்டுத் தம்பிய உக்கார வைக்கப் போறாங்க. நாட்டை விட்டே விரட்டிடுவாங்களாம்." அம்மா நாற்காலியின் நுனிக்கே வந்துவிட்டார்.

"இதுக்கு முன்னாடி உங்க பொண்ணு அதைத் திருப்பியிருக்காங்களா?"

"எங்கங்க? சுத்தத்துக்குக்கூட மத்த ரெண்டும் போதுமே. அதுவும் பதவிக்கு வந்து இதுதான் முதல் சுத்தம்."

நிதானம் எழுந்தார். "பட்டாசு, பனியுலகத்து வெந்நீர்த் தொட்டிக்காரரைப் போன்ல கூப்பிட்டு வைங்க. நான் சொல்லும்போது ஒலிபெருக்கியில விடுங்க."

இருவரும் அம்மாவோடு மதகு அறைக்குள் போனார்கள். காவலர்கள் சுவரோரம் நின்றார்கள். மற்ற இரு ஆட்சியரும் கடுகடுவென்று இருந்தார்கள். அம்மாவின் தம்பி, பெண்ணின் தாய்மாமன், தலை குனிந்து, சோகமே உருவாக நின்றார். பார்த்தவர்களுக்குப் பாவமாகத்தான் இருக்கும்.

நிதானம் நேராகப் பெண்ணிடம் போனார். "கையக் காட்டும்மா."

அவள் தயங்கியபடி கையுறையைக் கழற்றினாள். உள்ளங்கை முழுக்கக் கொப்புளம். இரண்டு இடத்தில் தோல் உரிந்து ரத்தம் கசிந்தது.

"நடிக்கிறவங்க கை இப்படிக் கிழியாது," என்றார் நிதானம். "கைப்பிடிக்கு இந்தக் கையைத் தெரியவே தெரியாது. பதவியேத்த அன்னிக்கு நாள் முழுக்க எப்படிம்மா பிடிச்சிருந்த?"

"கையுறையோடதான். கழட்டட்டுமான்னு கேட்டேன். கழட்டாதம்மா, சபையில மரியாதையா இருக்கட்டும்னு மாமா..." அவள் தன் கையுறையையே பார்த்தாள்.

"அய்யய்யோ!" என்றார் பட்டாசு.

மணலுலக ஆட்சியர் நெற்றியில் அடித்துக்கொண்டார். "நாங்களும் பார்த்தோமே! அவங்க ஊர் வழக்கம்னு விட்டுட்டோம். ஒருத்தர் வழக்கத்தை இன்னொருத்தர் கேள்வி கேக்கிறதில்லையே."

"அந்த நாகரிகத்தைத்தான் ஒருத்தர் நம்பியிருந்தாரு. கம்பளிக்கெல்லாம் கைப்பிடி பழகாது. அதுக்கு இன்னும் பழைய கைதான் ஞாபகம். பழைய கை யாருது?"

எல்லாத் தலைகளும் ஒரே பக்கம் திரும்பின. மாமா நிமிர்ந்தார். முகத்தில் சிரிப்பு இருந்தது, கண்ணில் இல்லை.

"நல்லா கதை கட்றீங்க. நான் தொட்டாலும் அது திரும்பாது. என்னை முறைப்படி உக்கார வைங்க, ஒரு நாள் பழக்கிட்டுத் திறக்கிறேன். என்ன அவசரம்? தொட்டியில இருக்கிற வெந்நீர் மூணு நாள் தாங்கும்."

"தாங்காதுன்னு காலையிலேர்ந்து கத்துறேன்!" என்றாள் பெண். "சுத்தம் பண்றப்பவே தொட்டியையும் கழுவிடலாம்னு நான்தான் வடிக்கச் சொன்னேன். யாரு நம்புனீங்க?"

மாமாவின் ஆட்சியில் தொட்டியைத் தனியாக வேறு மாதத்தில்தான் கழுவுவார்கள்; அதனால் இதை அவர் எதிர்பார்க்கவில்லை. நிதானம் கண்ணைக் காட்ட, பட்டாசு ஒலிபெருக்கியைத் திறந்தார்.

"தொட்டியில அடி தெரியுதுங்க!" தொட்டிக்காரரின் பற்கள் கிடுகிடுத்தன. "சாயங்காலம் தாண்டாது. ஆஸ்பத்திரிச் சுவர்லயே பனி ஏறுது. பிள்ளைங்கள எங்கங்க கொண்டு போறது?"

மாமாவின் முகம் வெளுத்துவிட்டது. திறந்தால் குட்டு உடையும். திறக்காவிட்டால் ஊரே போகும். நிதானம்கூட விரல்களைப் பிசைந்துகொண்டு நின்றார். பட்டாசு அதை முதல் தடவையாகப் பார்த்தார்.

"தம்பி," என்றார் அந்த அம்மா.

மாமா கைப்பிடி அருகே போனார். பெண் உயிரைக் கொடுத்து இழுத்தும் அசையாதது, அவர் தொட்டதும் வழுக்கிக்கொண்டு திரும்பியது. மற்ற இரு ஆட்சியரும் ஓடிப்போய்த் தங்கள் கைப்பிடிகளைத் திருப்பினார்கள். தரைக்கடியில் வெந்நீர் இரைந்து ஓடியது.

"நாளைக்கே திறந்துடலாம்னுதான் அக்கா..." மாமா தரையில் உட்கார்ந்து கதறி அழுதார். "ஊரைக் காப்பாத்துனவன்னு இன்னொரு தடவை உக்காரலாம்னு... சத்தியமா யாரையும் சாக விட நினைக்கல."

தண்டனைக்கும் மூவர் சம்மதம் வேண்டும். மற்ற இருவரும் நாடு கடத்தச் சொன்னார்கள். கடைசி வார்த்தை பனியுலகத்துடையது.

பெண் கையுறையை மடித்து இடுப்பில் செருகினாள். பிறகு, "வேண்டாம். ஊருக்கு வரட்டும். இன்னிக்குக் குளிர்ல நடுங்குன ஒவ்வொரு வீட்டு வாசல்லயும் நின்னு, நிறுத்துனது நான்தான்னு அவர் வாயாலயே சொல்லட்டும்," என்றாள்.

"ஐயோ, அதுக்கு என்னை விரட்டியே விட்டுடும்மா!" மாமா அக்காவின் முகத்தைப் பார்த்தார். "அக்கா, நீயாவது சொல்லு அவகிட்ட."

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, அவர் கையைப் பிடித்து எழுப்பினார்.

"வா. முதல் வாசல் நம்ம வீடு."