இத்தாச் சேலை

காலையில் பாண் விற்பவனின் வண்டிச் சத்தம் கேட்கும் நேரம், மர்ஷூதாவின் கதிரையில் ஒரு வெள்ளைச் சேலை மடித்து வைக்கப்பட்டிருந்தது. பார்த்ததுமே அவளுக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. கணவனை இழந்தவள் நான்கு மாதமும் பத்து நாளும் வீட்டோடு இருக்கும் இத்தாவுக்கான சேலை அது. வைத்தவள் மாமி நஃபீஸா.

"இன்டைக்கே உடுத்து இரி. புருஷன் மவுத்தாகிப் பதினொரு மாசம்... நீ கோடு பொலிசெண்டு ஆடித் திரியிறாய். ஊரே சிரிக்குது!"

"மவுத்தெண்டு ஆரு மாமி சொன்ன? அவர்ட மையத்து உடம்பைக் காட்டுங்க... இந்த நிமிசமே இத்தா இரிக்கிறேன்."

"என்ட புள்ளையத் தின்டது போதாதா உனக்கு?"

மர்ஷூதாவுக்குக் கண் நிறைந்தது. ஆனால் அழவில்லை. கற்பிட்டியிலிருந்து கருவாடு கொண்டு புறப்பட்ட கணவன் றிஸ்மின் வீடு திரும்பவேயில்லை. மோட்டார் சைக்கிள் மட்டும் உப்பளத்து ஓரம் கிடந்தது. பொலிஸார் அதைக் கொண்டுபோய், நன்றாகக் கழுவித் துடைத்து, நிலையத்து மரத்தடியில் நிறுத்தினார்கள். அவ்வளவுதான் விசாரணை! ஒவ்வொரு வழக்குத் தவணைக்கும் 'விசாரணை தொடர்கிறது' என்று ஒரே வரியை எழுதினார்கள். திகதியை மாற்றும் சிரமம் மட்டும் பட்டார்கள், பாவம். இன்று வழக்கையே மூடிவிடச் சொல்லி நீதவானிடம் கேட்கப் போகிறார்களாம். இன்று இவள் போகாவிட்டால் றிஸ்மினைத் தேட இனி ஒருவரும் இல்லை.

சேலையைத் தொடாமல் அபாயாவை மாட்டினாள்.

"நில்லு, நானும் வாறேன்! மூடுங்க ஐயா எண்டு நானே சொல்றேன்" என்று மாமியும் இளைய மகன் அஸ்மினை இழுத்துக்கொண்டு திரீவீலில் ஏறினாள்.

நீதிமன்றத்தில், பொலிஸ் பொறுப்பதிகாரி வயிறு முன்னே வர எழுந்து அறிக்கையை நீட்டினார். மொழிபெயர்ப்பாளர் அதைத் தமிழில் சொன்னார்: "றிஸ்மின் மனைவியோடு கோபித்து, வேறொரு பெண்ணோடு தன் விருப்பத்தில் இந்தியாவுக்குப் படகேறினார். இவ்வாறு வாக்குமூலம் அளித்தவர் அவரது தம்பி அஸ்மின்."

மாமி எழுந்தே விட்டாள். "யா அல்லாஹ்! என்ட மூத்தவன் பொம்புளையோட ஓடினானா? நீயாடா சொன்னாய்?"

அஸ்மின் பதறி எழுந்தான். "இல்ல சேர்... மூத்த நானா கருவாடு கொண்டு போனாரெண்டுதான் சொன்னேன். அவங்க சிங்களத்தில எழுதி நீட்டினாங்க... கையெழுத்து வெச்சிட்டேன்."

"வாசிக்காமலா?" என்றார் நீதவான்.

சிலாபம் சந்தையில் சிங்களத்தில் மீனுக்கு விலை பேசி வாய் கிழிப்பவன் அஸ்மின். சிங்கள எழுத்தில் ஒன்றுகூடத் தெரியாது. அதைச் சொல்ல வெட்கம்! பொலிஸார் தேத்தண்ணி கொடுத்து 'மஹத்தயா' என்று சிங்களத்தில் ஐயா போட்டு அழைத்ததும் தலைகால் புரியாமல் ஒப்பமிட்டிருக்கிறான். இந்த ஆண்பிள்ளைதான் பதினொரு மாதமாக மர்ஷூதாவுக்கு மானம் மரியாதை படிப்பித்தவன்.

நீதவான் பொறுப்பதிகாரியின் பக்கம் திரும்பினார். "காணாமல் போனவரின் தொலைபேசிப் பதிவுகளை எடுத்தீர்களா?"

"இல்லை, கனம் நீதவான் அவர்களே..."

"பதினொரு மாதமாகவா?"

முன்னே வந்த வயிறு இப்போது உள்ளே போயிருந்தது. வழக்கை மூட நீதவான் மறுத்தார். விசாரணையைக் குற்றப் புலனாய்வு அதிகாரிகளிடம் ஒப்படைத்து, பதினான்கு நாட்களுக்கு ஒருமுறை தன் முன்னால் அறிக்கை வைக்கக் கட்டளையிட்டார்.

வெளியே வந்ததும் மாமி மர்ஷூதாவைக் கட்டிப்பிடித்துக் கதறினாள்.

"உசிரோட இரிக்கானா இல்லையாண்டு தெரியாம, நானே என்ட புள்ளைக்கு இத்தாச் சேலை வாங்கினேனே... இந்தப் பொலிசுக்கும் அதுதானே தேவை! என்ன மன்னிச்சிக்க மகள்..."

பதினொரு மாதமாக அடக்கிய அழுகை மர்ஷூதாவுக்கும் உடைந்தது. வெகுநேரம் அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்தாள்.

"எனக்கு என்னத்துக்கு மாமி மன்னிப்பு? நாளைக்கு அவர் வந்து, 'என்னத் தேடினீங்களா உம்மா' எண்டு கேட்டா... நீங்க ஒரு பதில் சொல்லணும். அதுக்குத்தான் நான் அலைஞ்சேன்."

"மதினி..." என்று அஸ்மின் தலையைச் சொறிந்தான்.

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. "தமிழில புது வாக்குமூலம் குடு. வாசிச்சு, விளங்கின பொறகு கையெழுத்து வை. தெரியாட்டி தெரியாதெண்டு சொல்லு. தெரியாதது வெக்கமில்ல."

வீட்டுக்கு வந்ததும் மாமி அந்த வெள்ளைச் சேலையை அலுமாரியின் அடித்தட்டில் தள்ளினாள். மூத்தவனின் நீலச் சாரத்தை எடுத்து, உதறி, கொடியில் வெயிலுக்குப் போட்டாள். பிறகு குசினி வாசலில் வந்து நின்றாள்.

"மகள்... பதினாலாவது நாள் என்ன கிழமை வருது?"