அறுபத்தொன்றாம் வில்லை

லார்கின் ஊருக்கு வருகிறவர்கள் முதலில் கழிவறை எங்கே என்று கேட்பார்கள். அடுத்து, இங்கே பேய் நிஜமாகவே இருக்கிறதா என்று கேட்பார்கள். பதினோரு வருஷமாக இரண்டுக்கும் நான்தான் வழிகாட்டி. என் பெயர் மார்வா.

அக்டோபர், நவம்பர் மாதங்களில் மாலை நாலரைக்குப் பழைய சுரங்க ஆபீஸ் வாசலில் லாந்தரோடு நிற்பேன். வந்தவர்களைக் கூட்டிக்கொண்டு கடைவீதி, எரிந்துபோன ஓட்டல், ஒற்றை அறைச் சிறை, கல்லறைத் தோட்டம் என்று சுற்றிக் காட்டி, கடைசியில் லேடி மே சுரங்கத்துக்குள் நுழைவேன். அதற்குள் சூரியன் மலைக்குப் பின்னால் போயிருக்கும். நெவாடாக் குளிர் காலுறைக்குள் இறங்க ஆரம்பித்திருக்கும். கதை கேட்க அதைவிட நல்ல நேரம் கிடையாது.

கிளம்பும் முன் ஆளுக்கொரு பித்தளை வில்லை கொடுப்பேன். அது என் கண்டுபிடிப்பு இல்லை. அந்தக் காலத்தில் சுரங்கத் தொழிலாளிகள் இறங்கும்போது ஆபீஸ் பலகையிலிருந்து தங்கள் எண் போட்ட வில்லையை எடுத்துக்கொண்டு போவார்கள், ஏறி வந்ததும் அதே கொக்கியில் மாட்டுவார்கள். கொக்கி காலியாக இருந்தால் கீழே ஓர் ஆள் இருக்கிறான் என்று அர்த்தம். அவரவர் வில்லையை அவரவர்தான் மாட்ட வேண்டும். என் கூட்டத்துக்கும் அதே சட்டம்தான். எண் ஒன்று என்னுடையது, கடைசியாக மாட்டுவேன். அறுபத்தொன்றை மட்டும் யாருக்கும் கொடுப்பதில்லை. அது ஏனோக் ட்ரெவெனாவின் வில்லை.

1911இல் அவர் சுரங்கத்தின் அடியில் வேலை செய்துகொண்டிருந்தபோது, கூட்டாளி பாஸ்கோ முதலில் மேலே ஏறினான். நண்பருக்குப் பாரம் குறையட்டுமே என்று அவருடைய கோட்டையும் தூக்கிக்கொண்டு போனான். வில்லை கோட்டுப் பையில் இருந்தது. "இதோ பின்னாலேயே வர்றார்" என்று சொல்லி இரண்டையும் மாட்டிவிட்டான். கொஞ்ச நேரத்தில் கீழே தீ. மேஸ்திரி பலகையைப் பார்த்தார், ஒரு கொக்கிகூடக் காலியில்லை. தீ மூச்சுத் திணறிச் சாகட்டும் என்று சுரங்க வாயை மரப்பலகையும் களிமண்ணும் வைத்து அடைத்தார்கள்.

மூன்று நாள் சுரங்கத்துக் காற்றுக் குழாயில் தட்டும் சத்தம் கேட்டது. இங்கிலாந்தின் கார்ன்வாலிலிருந்து வந்த எங்கள் ஊர்க்காரர்களுக்கு, சுரங்கத்தில் குள்ளர்கள் வாழ்கிறார்கள், அவர்கள்தான் சுவரைத் தட்டுகிறார்கள் என்று நம்பிக்கை. தொப்பியைக் கழற்றினார்கள். தின்ற பேஸ்டி என்ற இறைச்சிப் பணியாரத்தின் விளிம்பைக் குள்ளர்களுக்கென்று கீழே வைத்தார்கள். வீட்டுக்குப் போனார்கள். நாற்பது நாள் கழித்து அடைப்பைப் பிரித்தபோது, பலகைக்குப் பின்னாலேயே ட்ரெவெனா உட்கார்ந்திருந்தார்.

நடந்தது இவ்வளவுதான். ஆனால் இதில் சிரிப்பு இல்லையே. குளிரில் நடுங்குகிறவர்கள் சிரிக்க ஆசைப்படுவார்கள். அதனால் நானாக ஒன்று சேர்த்துக்கொண்டேன். ட்ரெவெனா விஸ்கியை ஊற்றிக்கொண்டு மூலையில் தூங்கிவிட்டார், அதனால்தான் ஏறி வரவில்லை என்பேன். ஒரு விக்கல் விக்கிக் காட்டுவேன். எல்லாரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அந்த நேரம் பார்த்து என் பாக்கெட்டில் இருக்கும் பொத்தானை அழுத்துவேன். மரச்சட்டத்துக்குப் பின்னால் ஒளித்து வைத்த ஸ்பீக்கர் டொக் டொக் என்று தட்டும். சிரித்தவர்கள் அலறுவார்கள். செத்தவர்கள் வழக்குப் போடுவதில்லை என்ற தைரியம் எனக்கு.

நவம்பர் தொடக்கத்தில் ஒருநாள் எட்டுப் பேர் வந்தார்கள். அதில் இரண்டு பேர் பாய்ஸி நகரத்திலிருந்து வந்த அக்கா தங்கை, வெர்னாவும் ஐடெல்லாவும். இரண்டு பேரும் அறுபதைத் தாண்டியவர்கள். காரிலிருந்து இறங்கும்போதே சண்டை.

"ஏண்டி, இந்தச் செருப்பைப் போட்டுக்கிட்டா சுரங்கத்துக்கு வருவாங்க?"

"இது ஷூ அக்கா. முதல்ல உன் கண்ணாடிய மாத்து."

ஐடெல்லாவுக்கு விரல் மூட்டெல்லாம் வீக்கம். வில்லையைப் பிடிக்க முடியவில்லை என்று அக்காவின் கைப்பையில் போட்டுவிட்டாள். நானும் பார்த்தேன், ஒன்றும் சொல்லவில்லை.

சுரங்கத்துக்குள் போனதும் சண்டை முற்றியது.

"அம்மாவோட பியானோவ யாரைக் கேட்டுத் தூக்கிக் குடுத்த?"

"உன்னையா கேக்கணும்? அம்மா சாகக் கிடந்தப்ப நீ எங்கடி இருந்த?"

ஐடெல்லா கோட்டுப் பையில் தேடி எதையோ எடுத்தாள். பிறகு, "நான் கார்ல போய் உக்காந்துக்கறேன். நீ பேயோடயே பேசிக்கிட்டு வா," என்று சொல்லிவிட்டு, சின்ன டார்ச்சை அடித்துக்கொண்டு திரும்பி நடந்தாள். நான் அப்போதுதான் ட்ரெவெனா கதையை எடுத்திருந்தேன். கதை கெட்டுவிடுமே என்று திரும்பிப் பார்க்கவில்லை.

எல்லாம் முடிந்து ஆபீசில் வில்லைகளை மாட்டும்போது வெர்னா இரண்டை மாட்டினாள்.

"ரெண்டா?" என்றேன்.

"ஒண்ணு அவளோடது. கார்ல மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிட்டு உக்காந்திருப்பா."

சட்டம் எனக்குத் தெரியும். ஆனால் மூக்கு ஒழுகிக்கொண்டிருந்தது, வீட்டில் சூப் காத்திருந்தது. "சரி, போங்க" என்றேன். பலகை நிறைந்தது. சுரங்கத்து இரும்புக் கதவுக்கு வெளியே மட்டும்தான் தாழ்ப்பாள். அதைப் போட்டுவிட்டு வந்து கோட்டை மாட்டினேன்.

ஆபீஸ் தரையோரம் ஓடும் பழைய காற்றுக் குழாய் சுரங்கத்துக்குள் போகிறது. சத்தம் அதில் வந்தது.

டொக். டொக். டொக்.

ஸ்பீக்கரை நிறுத்த மறந்துவிட்டேன் போலிருக்கிறது என்று பொத்தானை அழுத்தினேன். நிற்கவில்லை. ஒயரைச் சுவரிலிருந்து பிடுங்கினேன். ஒயர் என் கையில் தொங்கியது.

டொக். டொக். டொக்.

ஒரு இடைவெளி.

டொக்.

என் ஸ்பீக்கரில் இருப்பது என் மச்சான் சமையலறை மேஜையில் சுத்தியலால் தட்டிப் பதிவு செய்தது. அதற்கு ஒழுங்கு கிடையாது. ஆனால் மூன்று, பிறகு ஒன்று என்பது இந்தச் சுரங்கத்தின் பழைய சைகை. ஆள் ஏறியாச்சு, மேலே தூக்கு.

சொல்ல வெட்கமாக இருக்கிறது. நான் ஓடிப்போய்க் கதவைத் திறக்கவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தேன். குளிரில் குழாய் சுருங்குகிறது, எலி ஓடுகிறது என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். தொப்பியைக் கழற்றிவிட்டு வீட்டுக்குப் போனார்களே, அவர்களைவிட நான் ஒன்றும் ஒசத்தியில்லை.

வாசல் கதவு திறந்தது. வெர்னா நின்றாள்.

"ஏம்மா, ஐடெல்லா இங்க வந்தாளா? கார்ல இல்ல. ரோட்டுலயும் இல்ல."

ஓடினோம்.

வழி பிரிகிற இடத்தில் ஐடெல்லா தப்பான கிளைக்குள் திரும்பியிருந்தாள். தடுப்புக்கம்பியைத் தாண்டி விழுந்து கணுக்கால் முறிந்திருந்தது. டார்ச் அணைந்துபோய்க் கிடந்தது. அங்கே மூச்சு விட முடியாதபடி காற்று கனத்துப்போயிருக்கும். என் லாந்தர் சுடர்கூடக் குறுகியது. இன்னும் அரைமணி போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது.

வெர்னா தங்கையைக் கட்டிக்கொண்டு அழுதாள். நான் குழாயைப் பார்த்தேன். அது எதிர்ச்சுவரில், என் தலைக்கு மேலே ஓடியது. ஐடெல்லாவின் வீங்கிய கைகள் இரண்டும் அக்குளுக்குள் இருந்தன.

"எப்படித் தட்டினீங்க?" என்று கேட்டேன்.

"நான் எங்க தட்டினேன்? அவர்தான் விடாம தட்டிக்கிட்டு இருந்தார்."

"யாரு?"

"முகம் தெரியல. ஈரக் களிமண் வாசனை. மூச்சு விடற சத்தமே இல்ல." அவள் குரல் தணிந்தது. "பயப்படாதீங்கம்மா, இந்தத் தடவை திறப்பாங்கன்னு சொன்னார்."

தூக்கி நிறுத்தும்போது என் முகத்தை உற்றுப் பார்த்தாள்.

"நீங்கதானே மார்வா? உங்ககிட்ட ஒண்ணு சொல்லச் சொன்னார்."

"என்ன?"

"அவர் குடிக்கவே இல்லையாம்."

நான் அந்த விஸ்கிக் கதையைச் சொன்னபோது ஐடெல்லா அங்கே இல்லை.

மறுநாளிலிருந்து விஸ்கியை விட்டேன், விக்கலை விட்டேன். நடந்ததை நடந்தபடியே சொன்னேன். மூன்று வாரம் அப்படியே போயிற்று.

தேங்க்ஸ்கிவிங் என்ற நன்றி சொல்லும் திருநாள் வாரக் கடைசியில் பதினான்கு பேர் கொண்ட ஒரு கூட்டம் வந்தது. சாப்பாடும் பீரும் ஏறிய சிவந்த முகங்கள். ட்ரெவெனா கதையின் பாதியிலேயே கொட்டாவி விட்டார்கள்.

"இதுக்கா இவ்ளோ தூரம் நடந்தோம்?" என்றான் ஒரு தாடிக்காரன். பெயர் டுவைட். பதிவுக்காக போன் நம்பர் கொடுத்திருந்தவனும் அவன்தான்.

பதினோரு வருஷம் கைத்தட்டல் வாங்கியவளுக்கு அது பொறுக்கவில்லை. ஒரே ஒரு தடவைதானே என்று நினைத்தேன். விக்கினேன். பாட்டிலைத் தூக்கிக் குடிப்பதுபோல் காட்டினேன். சுரங்கமே அதிரும்படி சிரித்தார்கள். உண்மையைச் சொல்கிறேன், அந்தச் சிரிப்பு இனித்தது.

"நீங்க போய் வில்லைய மாட்டுங்க, நான் விளக்கெல்லாம் அணைச்சுட்டு வந்துடறேன்" என்று அவர்களை அனுப்பினேன். கடைசி விளக்கை அணைத்துத் திரும்பி வந்தேன்.

இரும்புக் கதவு மூடியிருந்தது.

"விளையாடாதீங்க, திறங்க," என்று கத்தினேன். அந்தக் கதவைத் தாண்டிக் குரல் போகாது. கையால் குத்தினேன். கை வலித்ததுதான் மிச்சம்.

லாந்தர் சுடர் குறுகியது. கதவோரம் அது ஒருநாளும் குறுகியதில்லை.

கீழே கிடந்த கல்லை எடுத்துக் குழாயில் தட்டினேன். மூன்று. பிறகு ஒன்று.

குழாய் வழியாகச் சத்தம் வந்தது.

கைத்தட்டல்.

ஆபீசில் நின்று கைதட்டிக்கொண்டிருந்தார்கள். யாரோ ஒருவன் விசில் அடித்தான். "இன்னொரு தடவை," என்று கேட்டான். தட்டினேன். மறுபடியும் கைதட்டினார்கள். பிறகு காலடிச் சத்தங்கள். அதன்பின் குழாயில் ஒன்றும் கேட்கவில்லை.

லாந்தர் அணைந்தது.

ஈரக் களிமண் வாசனை வந்தது. எனக்குப் பின்னால், மிகப் பக்கத்தில்.

மூச்சுச் சத்தம் இல்லை.

நான் திரும்பவில்லை. எங்கே பார்த்தாலும் ஒரே இருட்டுதான், இருந்தாலும் திரும்பவில்லை. "நீங்க குடிக்கல," என்றேன். "எனக்குத் தெரியும். தெரிஞ்சேதான் சொன்னேன்."

எவ்வளவு நேரம் அப்படி நின்றேன் என்று தெரியாது. கால் மரத்துப்போனது. ஒரு கட்டத்தில் அழுதேன். வெளியே தாழ்ப்பாள் மெல்ல நகர்ந்தது. கதவைத் தள்ளினேன், திறந்தது.

வெளியே யாரும் இல்லை. கார்களும் இல்லை.

ஆபீஸ் பலகையில் ஒரு கொக்கிகூடக் காலியில்லை. பதினான்கு பேரின் வில்லைகளும் இருந்தன. அறுபத்தொன்று இருந்தது. என்னுடைய ஒன்றாம் எண்ணும் இருந்தது.

போட்டிருந்த கோட்டின் பையில் கைவிட்டேன். என் வில்லை அங்கே இல்லை. கொக்கியில் தொங்கியதைத் தொட்டேன், ஈரக் களிமண் விரலில் ஒட்டியது.

காலையில் டுவைட்டுக்குப் போன் செய்தேன். கதவை மூடியது அவர்கள் இல்லை என்று சத்தியம் செய்தான்.

"என்னைக் காணோம்னு யாருக்கும் தோணலையா?" என்று கேட்டேன்.

"தோணுச்சு. நீங்க சொன்னபடியே பலகையப் பாத்தோம், எல்லாம் மாட்டியிருந்துச்சு. சரி, வந்துட்டீங்கன்னு கிளம்பிட்டோம்."

"என் வில்லைய யாரு மாட்டினா?"

"உங்ககூட வேலை பாக்கறவர்தான். கோட்டு இல்லாம, நனைஞ்ச சட்டையோட வந்தாரே." டுவைட் சிரித்தான். "நல்ல வேஷம். மார்வா இதோ பின்னாலேயே வர்றாங்கன்னு சொன்னார்."

போனை வைத்துவிட்டுப் பலகையைப் பார்த்தேன். அறுபத்தொன்றாம் கொக்கி காலியாக இருந்தது. இன்றுவரை காலியாகத்தான் இருக்கிறது. கீழே ஓர் ஆள் இருக்கிறான்.