தொப்புளிலிருந்து இரண்டு விரல்

காலையில் சவரம் செய்யும்போது சுபேசனின் நாடியில் பிளேட் பட்டு, ஒரு சொட்டு இரத்தம் குசினி வாசல் சீமெந்தில் விழுந்தது. பின்னேரம் நாலு மணிக்கும் அது காயாமல் கிடந்தது.

அவன் மனைவி யூலியட் விளக்குமாற்றைக் கையில் பிடித்தபடி குனிந்து பார்த்தாள். இப்போதுதான் விழுந்ததுபோல் உருண்டையாய், சிவப்பாய், மினுங்கிக்கொண்டு இருந்தது. ஞாயிற்றுக்கிழமையோடு மழை விட்டுவிட்டது. வாடைக்காற்று மட்டும் ஆறாம் நாளாகக் கூரைத் தகரத்தைப் பிய்த்தெறியப் பார்க்கிறது. அந்தக் காற்றில், சுபேசன் உடுத்துத் தோய்த்துக் கொடியில் போட்ட ஈரச் சாரம் மத்தியானத்துக்குள்ளேயே விறைத்துப்போய்த் தொங்கியது. இந்த ஒரு சொட்டுக்கு மட்டும் என்ன கேடு? எறும்புகளைப் பார்த்தாள். ஒரு சோற்றுப் பருக்கை விழுந்தாலும் ஊரைக் கூட்டிக்கொண்டு வருகிற சனியன்கள், அந்தச் சொட்டுக்கு ஒரு சாண் தள்ளி வளைந்து போய்க்கொண்டிருந்தன.

பழந்துணியால் துடைத்தாள். துணியை மோந்து பார்த்தாள். இரத்த மணம் இல்லை. பண்ணையில் கடலட்டை அவிக்கிற கிடாரத்தின் மணம், உப்பும் சேறும் கலந்த அந்த மணம்தான் வந்தது.

தீவில் பிறந்தவனுக்கு நோய் வந்தால் அது காற்றைக் கேட்டுவிட்டு வரவேண்டும். சுபேசனின் நோய்க்கு அந்த மரியாதை தெரியவில்லை. மூன்று கிழமைக்கு முன்னர் இடது கால் திடீரென்று வீங்கி, யாழ்ப்பாணத்துக்குக் கொண்டு ஓடினால், நாளத்துக்குள் இரத்தம் கட்டிப்போயிற்று என்றார்கள். அந்தக் கட்டி கழன்று நெஞ்சுக்கு ஏறினால் ஆளில்லை. அது வளராமல் இருக்க வயிற்றில் போடுகிற ஊசி, காலை ஆறு மணிக்கு ஒன்று, பின்னேரம் ஆறு மணிக்கு ஒன்று. வீட்டுக்கு விடும்போது பத்து நாளுக்கு ஊசி கொடுத்து, போடுகிற முறையையும் தாதி யூலியட்டுக்குக் காட்டிக்கொடுத்தாள்.

"தொப்புளிலை இருந்து ரெண்டு விரல் தள்ளுங்கோ அக்கா. சதையை மெல்லமாக் கிள்ளிப் பிடிச்சுக்கொண்டு குத்துங்கோ. காலமை இடது பக்கம், பின்னேரம் வலது பக்கம். மாத்திப்போடாதேங்கோ."

அது பன்றிக் குடலிலிருந்து எடுக்கிற மருந்து என்றும் அவள்தான் சொன்னாள். சுபேசன் சிரித்தான். "நத்தாருக்கு நத்தார் பண்டி அடிச்சுத் திண்டவனுக்குக் கடைசியிலை பண்டிதானே காவல்!"

எழுவைதீவுக் கோயிலில் ஆறு மணிக்குத் திரிகால செப மணி அடிக்கும். அந்த மணிக்கே யூலியட் ஊசியைப் போட்டாள். ஒரு நாள்கூடப் பிந்தவில்லை. இருபது ஊசி. கடைசி ஊசி முடிந்தது சனிக்கிழமை காலை. அடுத்த பெட்டி வியாழக்கிழமையே யாழ்ப்பாணத்திலிருந்து வந்து ஊர்காவற்றுறை இறங்குதுறையில் கிடக்கிறது. ஆனால் கடலில் தாழமுக்கம், காற்றுக் கடுமை என்று படகை நிறுத்திவிட்டார்கள். அக்கரை இங்கிருந்து கண்ணுக்குத் தெரிகிறது. தெரிந்து என்ன பிரயோசனம்? தீவு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள். அந்த ஊசி அங்கே வருவதில்லை, ஆளை அக்கரைக்குக் கொண்டுபோங்கோ என்றார்கள்.

"எதிலை கொண்டுபோறது? நீந்தியோ?" என்று கத்திவிட்டு வந்தாள். வருகிற வழியெல்லாம் அழுகையும் கோபமும் ஒன்றாய் வந்தன. விடுதியில் படிக்கிற மகள் போன் எடுத்து, "அப்பாக்கு ஊசி போட்டீங்களோ அம்மா?" என்று கேட்டபோது, "ஓம் ராசாத்தி, போட்டாச்சு" என்று பொய் சொன்னாள்.

அன்று பின்னேரமே கால் திரும்ப வீங்கத் தொடங்கியது. அப்போதுதான் டெனிஸ்ரன் வந்தான். சுபேசனின் சித்தப்பா மகன். கரையோரக் கடலில் வலை அடைத்து இரண்டு பேரும் கூட்டாகக் கடலட்டை வளர்க்கிறார்கள்.

"மச்சாள், அட்டை வாங்க வாற ஆள் சொன்னவர். உந்த ஊசியிலை இருக்கிற மாதிரி ஒரு சத்து அட்டையின்ரை உடம்பிலையும் இருக்காம். இரத்தத்தை இறுக விடாதாம். தங்கடை நாட்டிலை அவிச்சுக் குடிக்கிறவையாம்."

"உனக்கென்ன விசரே? நாங்கள் ஒரு நாளும் வாயிலை வைக்காத சாமான்."

"அப்ப என்ன செய்யிறது? காத்தைக் கும்பிட்டுக்கொண்டு இருப்பமோ?"

யூலியட் எழும்பினாள். அவனோடு பண்ணைக்குப் போய் முழங்கால் தண்ணீரில் இறங்கி, மணலில் புதைந்து கிடந்த ஒன்றை வெடுக்கென்று பிடித்துத் தூக்கினாள். அது அவள் கைக்குள் ஒருமுறை இறுகியது. அடுத்த கணம் தன் குடல் முழுவதையும் அவள் விரலிடுக்கால் வெளியே தள்ளியது. அவள் வீரிட்டாள்.

"மெல்லமாத் தொடவேணும் மச்சாள்! வெருண்டா உப்பிடித்தான் குடலைக் கக்கும். பயப்பிடாதேங்கோ, சாகாது. தண்ணியிலை விடுங்கோ. ரெண்டு கிழமையிலை புதுக்குடல் வந்திடும்."

வேறொன்றை எடுத்துவந்து அவித்தாள். மணி அடிக்க, அவித்த தண்ணீரில் மூன்று கரண்டி எடுத்து, தேசிக்காய் பிழிந்து சுபேசனுக்குப் பருக்கினாள். குமட்டினான், விழுங்கினான். ஞாயிறு காலையும் பின்னேரமும் கொடுத்தாள். திங்களன்று காலின் வீக்கம் பாதியாய் வற்றியது. யூலியட் மாதா படத்துக்கு முன்னால் முழந்தாளிட்டு அழுதாள். டெனிஸ்ரன் உச்சி குளிர்ந்துபோய், "நான் சொன்னனானெல்லே!" என்று நாலு வீட்டுக்குக் கேட்கிற மாதிரிச் சொன்னான். திங்களும் இரண்டு நேரம். இன்று காலையும் கொடுத்தாயிற்று.

இப்போது கையில் இந்தத் துணி.

துணியை எறிந்துவிட்டு உள்ளே போனாள். சுபேசன் கட்டிலில் இல்லை. தண்ணீர் நிரப்பிவைக்கிற பரல் இருக்கிற மூலையில், பரல் கசிந்து நனைந்த தரையில், வெறும்மேலோடு குப்புறக் கிடந்தான்.

"என்னப்பா இது? எழும்புங்கோ, குளிரடிக்கப்போகுது."

"வெக்கை" என்றான். அவ்வளவுதான். சாதாரணமாக ஒன்று கேட்டால் ஒன்பது சொல்கிற மனுசன்.

தோளில் கை வைத்து எழுப்பினாள். விரல் பதிந்த இடம் பள்ளமாய் நின்றது. வீக்கமென்றால் பள்ளம் விழும், அது தெரியும். ஆனால் இந்தப் பள்ளத்துக்கு அடியில் இருக்கவேண்டிய எலும்பு தட்டுப்படவில்லை. மெல்ல மெல்ல அந்தப் பள்ளம் தானாகவே மூடிக்கொண்டது. மூடும்போது அவன் உடம்பு முழுவதும் ஒருமுறை சுருங்கி விரிந்தது. அவள் கையை இழுத்துக்கொண்டாள்.

பிரட்டிக் கிடத்தியபோது வயிறு தெரிந்தது. ஊசி போட்ட இடங்கள் தொப்புளின் இரண்டு பக்கமும் கறுத்துக் கிடந்தன. அது முன்னரே இருந்ததுதான். முன்னர் அவை தட்டையாய் இருந்தன. இப்போது ஒவ்வொன்றும் மிளகளவு மேலெழும்பி, நுனி வெளிறி, இரண்டு வரிசையாக நெஞ்சுவரை ஏறியிருந்தன. யூலியட் எண்ணினாள். தான் போட்டது இருபது. முப்பது வந்தது. நாற்பது வந்தது. முதுகுப் பக்கமும் வரிசை போயிற்று. எண்ணுவதை விட்டாள்.

கட்டில் விரிப்பை உதறினாள், ஏதாவது ஒரு வேலை செய்யாவிட்டால் கத்திவிடுவாள் போலிருந்தது. விரிப்பிலிருந்து மணல் கொட்டியது. நேற்றும் கொட்டியது, காற்றுக்கு வந்த மணல் என்று நேற்றுக் கூட்டித் தள்ளினாள். இன்று கட்டிலுக்கு அடியிலும் குனிந்து பார்த்தாள். அங்கே மணல் குவியலாய் இல்லை. இடியப்ப உரலில் பிழிந்து விட்டதுபோல, விரல் மொத்தத்தில், சுருள் சுருளாய்க் கிடந்தது.

அவளுக்கு அது என்னவென்று தெரியும். பண்ணைத் தரை முழுவதும் அதுதான். அட்டை ஒரு பக்கத்தால் மணலைத் தின்னும். மறுபக்கத்தால் இப்படித்தான் விடும்.

"யேசு மரி சூசை" என்றாள்.

டெனிஸ்ரனுக்குப் போன் எடுத்தாள். ஏதோ உளறினாள். "ஒண்டுக்கும் யோசியாதேங்கோ மச்சாள். நாளைக்குக் காத்து விழுமாம். ஏழரைக்குப் படகு வரும், பெட்டியை நானே வாங்கிக்கொண்டு ஓடிவாறன்" என்றான். கோதாரி விழுந்த காற்று! ஆறு நாள் அடித்த காற்றுக்கு இன்றைக்கு விழுந்திருந்தால் என்ன?

கோயில் மணி அடித்தது. ஆறு மணி. சுபேசன் தலையைத் தூக்கினான். மணியடித்தால் மூன்று கரண்டி வரும் என்று உடம்புக்குப் பழகியிருந்தது. வாயைத் திறந்தான். பல்லிடுக்கெல்லாம் மணல்.

"ஏலாதப்பா. இனி உது வேண்டாம்."

மிச்சத் தண்ணீரைச் சட்டியோடு கொண்டுபோய் முற்றத்தில் ஊற்றினாள். திரும்பிப் பார்த்தபோது அவன் வாசற்படி தாண்டி வந்திருந்தான். நடந்து வந்த சத்தம் கேட்கவில்லை. ஈர மணலில் கன்னத்தை வைத்துக் கிடந்தான். வாய் திறந்து மூடியது. கையிடுக்கில் பிடித்துத் தூக்கினாள். பிடி நிற்கவில்லை. வழுக்கவில்லை, அவள் விரல்களுக்கு நடுவால் அவன் வழிந்தான். சாரத்தோடு சேர்த்து, அழுதழுது, ஏசி ஏசி, உள்ளே இழுத்துவந்தாள்.

"எனக்கேன் இதைச் செய்யிறியள்? காலமை வரைக்கும் பொறுங்கோவன். ஒரேயொரு இரவு."

கதவைப் பூட்டித் திறப்பைச் சட்டைக்குள் போட்டாள். யன்னல்களுக்குக் கொளுக்கி மாட்டினாள். கதவோடு கதிரையைப் போட்டு, செபமாலையைக் கையில் எடுத்துக்கொண்டு இருந்தாள். பத்துப் பத்து மணியாய் ஐந்தாவது காரணிக்கம் தாண்டியது நினைவிருக்கிறது. அதற்குமேல் இல்லை.

விழித்தபோது ஒரு சத்தமும் இல்லை. காற்று விழுந்துவிட்டது.

கதவு பூட்டியபடி இருந்தது. கதிரை அசையவில்லை. யன்னல் கொளுக்கி ஆறும் மாட்டியபடி. சுபேசன் இல்லை. தண்ணீர் பரலுக்குப் பக்கத்திலிருந்து பின்சுவர் வரைக்கும் ஈரம், ஓர் ஆள் அகலத்தில். தரை கழுவிய தண்ணீர் வெளியே போக அந்தச் சுவரடியில் ஓர் ஓட்டை உண்டு. தேங்காய்ச் சிரட்டை ஒன்றுதான் அதற்குள்ளால் போகும். அந்த ஓட்டையில் அவனுடைய சாரம் செருகிக்கொண்டு நின்றது.

ஓடினாள். செருப்பில்லை. கள்ளியும் முள்ளும் பார்க்கவில்லை.

வெயில் ஏறிவிட்டது. கடல் வற்றி, பளிங்கு மாதிரிக் கிடந்தது. பண்ணை வலைக்குள் முழங்கால் தண்ணீர்கூட இல்லை. அட்டைகள் மணலுக்குள் பாதி புதைந்து வரிசை வரிசையாய்க் கிடந்தன. நடுவில் பெரிதாய் ஒன்று. அதன் முகத்தில் நேற்று பிளேட் பட்ட காயம் காயாமல் சிவந்திருந்தது.

"சுபேசன்."

பெயரைச் சொல்லி அவள் அவனைக் கூப்பிட்டது அதுதான் முதல் முறை. கண் திரும்பியது. கண் மட்டும் அவனுடையதாகவே இருந்தது.

துறைப் பக்கமிருந்து படகின் ஹோர்ன் கேட்டது. கொஞ்ச நேரத்தில் கரையோரமாய் ஓடிவரும் கால்கள், மூச்சு, சந்தோசக் குரல்.

"மச்சாள்! ஊசி வந்திட்டுது! இஞ்சை, பெட்டி! வீட்டிலை ஆக்களைக் காணேல்லை, அதுதான் இஞ்சாலை..."

டெனிஸ்ரன் வலையோரம் வந்து நின்றான். பார்த்தான். அதற்குமேல் ஓர் அடியும் வைக்கவில்லை. அவள் போய் அவன் கையிலிருந்து பெட்டியைப் பிடுங்கினாள். உடைத்தாள். ஓர் ஊசியை எடுத்து மூடியைப் பல்லால் கழற்றித் துப்பினாள். தண்ணீரில் முழந்தாளிட்டாள்.

காலமை இடது பக்கம். சதையைக் கிள்ளிப் பிடிக்கவேண்டும்.

"தொடாதேங்கோ மச்சாள்" என்றான் டெனிஸ்ரன். குரல் அழுதது. "வெருளும்."

கிள்ளிப் பிடித்தாள்.

சுபேசன் ஒருமுறை இறுகினான். பிறகு எல்லாம் வெளியே வந்தது. சத்தமில்லை. தண்ணீர் சிவக்கவில்லை. வெள்ளையாய், நூல் நூலாய், அவள் மடியெல்லாம், முழங்காலெல்லாம், வந்துகொண்டேயிருந்தது.

சாகவில்லை. கண் அவளையே பார்த்துக்கொண்டிருந்தது.

யூலியட் ஊசியைப் பிடித்தபடி குனிந்தாள். மற்றக் கையால் அவன் வயிற்றைத் தடவினாள். தொப்புளிலிருந்து இரண்டு விரல். தொப்புளைத் தேடினாள். இடது பக்கம் தேடினாள். வலது பக்கம் தேடினாள். உள்ளே ஒன்றும் இல்லாத அந்த வயிறு அவள் விரலுக்கடியில் திறந்தது. மூடியது. திறந்தது.