கூப்பிடாத பேர்

உமாதேவி உள்ளே வரும்போதே அழுதுகொண்டு வந்தாள். ஒரு அண்ணனைத் தேடியவளுக்கு இரண்டு அண்ணன்கள் கிடைத்தால் அழாமல் என்ன செய்வாள்!

தென்காசியில் பிறப்பு இறப்புப் பதிவேட்டோடு முப்பது வருஷம் மல்லுக்கட்டி ஓய்வு பெற்ற ரெபேக்காள், அவளை உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்தாள். சிக்கலில் இருப்பவர்களை இந்த வீட்டுக்கு ஆட்டோவில் கொண்டுவந்து சேர்ப்பவன் காஜா. சேர்த்துவிட்டு வாசலோடு திரும்பும் வழக்கம் அவனுக்குக் கிடையாது. இன்றும் கதவோரம் காதைத் தீட்டிக்கொண்டு நின்றான்.

"அண்ணன் பேரு குத்தாலிங்கம்க்கா. எங்க அப்பாவைப் பெத்த தாத்தா பேரு. நான் பொறக்க முன்னால, நாலு வயசுல, அருவிக் கூட்டத்துல தொலைஞ்சு போயிட்டான். அம்மா இன்னிக்கும் குத்தாலம்னு வாயால சொல்ல மாட்டா. 'அருவிக்கரை'ம்பா. அவ்வளவு துக்கம்."

போன மாதம் அண்ணன் பேரையும் தொலைந்த கதையையும் வாட்ஸ்அப்பில் போட்டிருக்கிறாள். உடனே ஒருவன் ஆய்க்குடி வீட்டுக்கே வந்து நின்றான்.

"'குத்தாலிங்கம், கையை விடாதலே'ன்னு அம்மா கத்துனது இன்னும் காதுக்குள்ள கேக்குன்னு அழுதாரு. நாளைக்கு அம்மா வீட்டை அவர் பேருக்கு எழுதப்போறா."

"இன்னொருத்தர்?"

"கேரளாவுல புனலூர்ல இருந்து போன் பண்ணுனாரு. ஜாய்னு அநாதை இல்லத்துல வச்ச பேராம். ரயில்ல தனியா அழுத புள்ளையாம். பேரு என்னன்னு யாரு கேட்டாலும் 'மாமா'ன்னு மட்டும் சொல்லிருக்காரு. மாமனைத் தேடியும் கிடைக்கலையாம். எங்க அம்மாகூடப் பொறந்த ஆம்பளையே கிடையாதேன்னு போனை வச்சிட்டேன்."

"முதல் ஆளுதாங்க்கா!" காஜாவால் பொறுக்க முடியவில்லை. "பேரு, அருவி, எல்லாம் அச்சா பொருந்துதுல்லா!"

"அந்தப் பொருத்தம்தான் இடிக்குது. அம்மா எப்படி இருக்காக, உமா?"

"புத்தி தடுமாறுதுக்கா. இவர் வந்ததுலேர்ந்து 'மாமா வந்துட்டாவ'ங்கா. செத்துப்போன தாத்தாவை நினைச்சுக்கிடுதா."

ரெபேக்காள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். "காஜா, ஆட்டோவை இங்கனயே போட்டுட்டு ரயில்ல புனலூர் போ. ஜாயைக் கையோட கூட்டிட்டு வா."

மறுநாள் காலை ஆய்க்குடியில், புது வேட்டி சரசரக்க முதல் ஆள் உமாவின் அம்மா பிச்சம்மாளின் அருகில் உட்கார்ந்திருந்தான். ஜாயை வாசலுக்கு வெளியே நிறுத்திவிட்டுக் காஜா உள்ளே வந்தான். இந்த அக்கா எதைப் பிடித்திருக்கிறாள் என்று அவனுக்கு இன்னும் விளங்கவில்லை.

ரெபேக்காள் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "ஆச்சி, மகனைச் சின்னதுல என்ன பேர் சொல்லிக் கூப்பிடுவிய?"

பிச்சம்மாள் சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டாள். "அதை எப்படிம்மா சொல்லுவேன்? மாமனார் பேரு இல்லா! பெத்த புள்ளைன்னாலும் பேரு அவுக பேரு. 'மாமா'ன்னுதான் கூப்பிடுவேன்."

காஜாவுக்குத் தலை கிர்ரென்று சுற்றியது.

"புள்ளைக்குப் பேர் பதிய வந்துட்டு, மாமனார் பேரைச் சொல்லக் கூசி, காலண்டர்ல சாமி படத்தைக் காட்டுன பொம்பளைங்க எத்தனை பேரு!" ரெபேக்காள் நிதானமாகச் சொன்னாள். "ஆச்சி குத்தாலம்னு சொல்லாதது துக்கத்துல இல்ல உமா, மரியாதையில. அந்த வாய் கூட்டத்துல மட்டும் பேரைச் சொல்லி 'லே' போட்டிருக்குமா?" முதல் ஆளிடம் திரும்பினாள். "வாட்ஸ்அப்புல பேரு கிடைச்சுது. கூப்பிட்ட பேரு கிடைக்கலையே, தம்பி?"

புது வேட்டி எழுந்து ஓடப் பார்த்தது. காஜா விடுவானா? குறுக்கே நின்று அமுக்கிவிட்டான். அவன் பேர் வேல்ராஜ் என்பது பிறகு போலீஸில் தெரிந்தது. ரத்தப் பரிசோதனையும் பிறகு எடுத்தார்கள். அதுவும் ரெபேக்காள் பக்கமே பேசியது. அன்றைக்கு அது யாருக்கும் தேவைப்படவில்லை.

"ஜாய், உள்ள வாங்க," என்றாள் ரெபேக்காள்.

நாற்பது வயது மனிதர் வாசலில் தயங்கி நின்றார். பிச்சம்மாள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள்.

"மாமா?"

ஊரெல்லாம் யாரையோ தேடி அழுவதாக நினைத்த அந்தப் பேருக்கு, அவர் முப்பத்தாறு வருஷம் கழித்துப் பதில் சொன்னார்.

"நான்தான், அம்மே."