ரோந்துப் புத்தகம்

புத்தகத்தில் ஒரு வரி கூடுதலாக இருந்தது.

கிரில் கதவின் வெளிப்பக்கம் தொங்கிய அந்த நீல அட்டைப் புத்தகத்தைக் குமுதா மறுபடி புரட்டினாள். நீதிமன்றப் பாதுகாப்பு ஆணைப்படி ரோந்துப் போலீஸ் காலையும் மாலையும் அவள் ஃபிளாட்டுக்கு வந்து, அதில் நேரம் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். பேனாவைச் சிவப்பு நூலில் புத்தகத்தோடு கட்டியிருந்தார்கள். ரோந்து வரும் போலீஸ் சார்ஜன் சுகுமாரன் குறிப்புக் கட்டத்தில் எப்போதும் 'ஓகே' என்று மட்டும் எழுதுவார். இன்று அவருடைய காலைக் கையெழுத்துக்குக் கீழே வேறொரு கை எழுதியிருந்தது.

'15.40. துணி மடிக்கிறாள்.'

குத்திக் குத்தி எழுதிய அந்த எழுத்து அவளுக்குத் தெரியும். அவள் புருஷன் மோகனராஜ் பன்னிரண்டு வருடம் கொண்டோ அடுக்குமாடி ஒன்றில் செக்யூரிட்டி கார்டு. அங்கே கார்களைக் குறித்து வைப்பதுபோல வீட்டில் அவளைக் குறித்து வைப்பான். எத்தனை மணிக்குக் குளித்தாள், யாரோடு போன் பேசினாள், எல்லாம். கடைசியாகக் கழுத்தில் கத்தியை வைத்துச் சொன்னான்: "நீ எங்க ஓடுனாலும் நான் ரவுண்டு வருவேன்."

முந்தைய பக்கத்திலும் இருந்தது. புதன்கிழமை, 'இருமுகிறாள்.' செவ்வாய்க்கிழமை, 'தூங்குகிறாள்.'

ஒன்பதாவது மாடி. ஜன்னல் திரைகளுக்கு ஆணி அடித்து மூன்று வாரம் ஆகிறது. எங்கிருந்து பார்த்தான்?

அவனுக்கு விலாசம் கிடைத்த வழி அவளுக்குத் தெரிந்ததுதான். பத்து காவான் என்ற ஊரில், வேலை பார்க்கும் தொழிற்சாலையில் ஒரு கட்டத்தையும் காலியாக விடாமல் ஃபாரம் நிரப்பிப் பழகிய பாழாய்ப்போன கை, நீதிமன்ற ஃபாரத்திலும் புது விலாசத்தை அழகாக எழுதிவிட்டது. ஆணையில் அது அப்படியே அச்சாகி, ஒரு பிரதி அவனுக்கும் போயிற்று. தன்மேல் அவளுக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

புத்தகத்தைக் கழற்றி உள்ளே கொண்டுவந்து மேசைமேல் வைத்தாள். மூன்று தாழ்ப்பாளையும் போட்டாள். அறை அறையாகத் தேடினாள், கட்டிலுக்கு அடியில்கூட. யாரும் இல்லை. கடல் பக்கமிருந்து ஃபெரியின் சங்கு நீளமாக ஊதி ஓய்ந்தது. பள்ளிவாசலில் அந்திநேர பாங்கு தொடங்கியது. அவள் சுகுமாரனுக்கு போன் போட்டாள்.

அவர் முந்திக்கொண்டார்.

"அக்கா, நானே கூப்பிடணும்னு இருந்தேன். மோகனராஜ் செத்துட்டான். பாகான் டாலாம்ல இருக்கிற அவன் வூட்டுல, திங்கக்கெழமையே. இன்னிக்குத்தான் கதவ ஒடச்சிருக்காங்க. கையில ஒங்க ஆர்டர் காப்பி இருந்துச்சாம். இனிமே பயப்பட வேணாம்லா. நாங்களும் வரத் தேவையில்ல."

போன் அடங்கிய பிறகு குமுதா நாற்காலியில் உட்கார்ந்து அழுதாள். சந்தோஷம்தான். அதைச் சொல்ல அவளுக்கு வெட்கமாக இல்லை. எழுந்துபோய்த் திரையின் ஆணிகளைப் பிடுங்க வேண்டும், லிட்டில் இந்தியாவுக்கு நடந்துபோய் நுரை பொங்க ஆற்றிய ஒரு தே தாரேக் டீ குடிக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டாள்.

திங்கட்கிழமை.

முதல் வரி செவ்வாய்க்கிழமை.

பாங்கு முடிந்திருந்தது. ஃபிரிஜ்ஜின் முனகல் நின்றது. கிராம்பு சிகரெட் வாசனை வந்தது, அவன் குடிக்கிற அதே வாசனை, முதலில் லேசாக, பிறகு பக்கத்தில். கதவு தாழிட்டபடி இருந்தது. மூன்றும். அவளே போட்டது.

மேசைமேல் புத்தகம் திறந்திருந்தது. அவள் திறக்கவில்லை.

புது வரி. மை காயவில்லை.

'19.38. அழுது முடித்தாள்.'

சுவரில் மணி பார்த்தாள். ஏழு முப்பத்தெட்டு.

பேனாவைக் காணோம். சிவப்பு நூல் மட்டும் புத்தகத்திலிருந்து கிளம்பி, மேசையைத் தாண்டி, அவள் தோளுக்கு மேலாகப் பின்னால் போயிருந்தது. விறைப்பாக. யாரோ பிடித்திருப்பதுபோல.

நூல் மெல்ல அசைந்தது. எழுத வாகாகக் கையை நீட்டினால் அசைவதுபோல.