நான்காவது வெட்டு

அந்தத் துண்டுக் காட்சியில் கோடாலி நான்கு முறை விழுந்தது. அவள் மூன்று முறைதான் வெட்டியிருந்தாள்.

இதை முதலில் கவனித்தது அவள் இல்லை, பார்த்தவர்கள். கோடாலி ஏந்திய ஒருவன் பாழடைந்த கட்டடத்துக்குள் ஒளிந்திருப்பவர்களைத் தேடித் தேடிக் கொல்கிற விளையாட்டு அது. முந்தைய நாள் பிற்பகல் கோடாலி அவள் கையில் இருந்தது. படிக்கட்டுக்கு அடியில் பதுங்கியிருந்த ஒருவனின் தோளில் ஒரு வெட்டு, கழுத்தில் ஒரு வெட்டு, கவிழ்ந்து விழுந்தவனின் முதுகில் ஒரு வெட்டு. சுவர் முழுக்க ரத்தம் தெறித்தது. உடனே கீபோர்டின் மூலையில் சிவப்பு ஸ்டிக்கர் ஒட்டிய பொத்தானை அழுத்தினாள். அதை அழுத்தினால் அதற்கு முந்தைய முப்பது விநாடி படமும் சத்தமும் தானாகச் சேமிக்கப்படும். சேமித்ததை ஒருமுறை திருப்பிக்கூடப் பார்க்காமல் தன் பக்கத்தில் போட்டுவிட்டாள். சூடு ஆறுவதற்குள் போட்டால்தான் நாலு பேர் பார்ப்பார்கள் என்பது அவள் கணக்கு.

நாலு பேர் இல்லை, மறுநாள் காலைக்குள் ஆறு லட்சம் பேர் பார்த்திருந்தார்கள். 'கத்திரி' என்பது அந்தப் பக்கத்தின் பெயர். காட்சிகளை அவ்வளவு கச்சிதமாக வெட்டிப் போடுவாள். பாராட்டு என்றால் தலைகால் புரியாது அவளுக்கு. பல் துலக்கியபடியே கீழே வந்திருந்த கருத்துகளைப் படித்தாள். 'கடைசி வெட்டு சவுண்டு வயித்தைக் கலக்கிடுச்சு' என்று ஒருவர். 'நாலாவது வெட்டு எங்க புடிச்ச கத்திரி? எங்க கேம்ல அது இல்லையே' என்று இன்னொருவர். வாயில் நுரையோடு அவள் அந்தத் துண்டை ஓடவிட்டுப் பார்த்தாள்.

ஒன்று, இரண்டு, மூன்று. திரையில் கோடாலி ஓய்ந்து கீழே தொங்கியது. அதன் பிறகு, எதுவுமே அசையாத அந்தத் திரைக்குப் பின்னாலிருந்து, நான்காவதாக ஒன்று விழுந்தது. ஈரத்துணியைக் கல்லில் ஓங்கி அறைந்தது போன்ற சத்தம்.

தங்கை காலணி மாட்டிக்கொண்டிருந்தாள். ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. காலையில் போனால் திரும்ப மாலை ஆறரை ஆகும். அம்மா போன பிறகு மூன்றாவது மாடியில் இருந்த அந்த இரண்டறை வீட்டில் இவர்கள் இருவர்தான். தங்கைக்கு அப்போது பதினோரு வயது. தலை வாரிவிட்டது முதல் கல்லூரிக்குப் பணம் கட்டியது வரை எல்லாம் இவள்தான்.

"நேத்து மூணரை மணிக்கு நீ நடுவுல வீட்டுக்கு வந்தியா?"

"நேத்து மூணரைக்கு நான் ஒரு பெரியவர் கையில நரம்பைத் தேடிக்கிட்டிருந்தேன். ஏன்க்கா?"

"ஒண்ணுமில்ல. என் கிளிப்புல ஏதோ ஒரு சத்தம்."

"உன் கிளிப்புல சத்தத்தைத் தவிர வேற என்ன இருக்கு?" தங்கை சிரித்தாள். "வரேன். ஹெட்ஃபோனை மாட்டிக்கிட்டு உள்தாழ்ப்பாள் போட்டுடாத, சொல்லிட்டேன்."

அது அந்த வீட்டுச் சட்டம். போன வருடம் ஒருநாள் இவள் உள்தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு விளையாட உட்கார்ந்துவிட்டாள். காதை முழுசாக மூடும் ஹெட்ஃபோன். சாவி கையில் இருந்தும் தங்கை நாற்பது நிமிடம் வெளியே நின்று கதவைத் தட்டினாள், பிறகு உதைத்தாள், பிறகு படிக்கட்டில் உட்கார்ந்து அழுதாள். அன்றிலிருந்து தங்கை வெளியே இருக்கும்போது உள்தாழ்ப்பாள் கிடையாது. சாவி போட்டால் திறக்கிற பூட்டு மட்டும்தான்.

பன்னிரண்டு மணிக்கு அவள் அந்தக் கோப்பை வெட்டும் மென்பொருளில் திறந்தாள். திரையில் சத்தம் இரண்டு பட்டைகளாக வரும். மேலே விளையாட்டின் சத்தம், கீழே மைக்கில் விழுந்த சத்தம். வழக்கமாகக் கீழ்ப்பட்டையை எடுத்துவிட்டுத்தான் போடுவாள். நேற்று அவசரத்தில் மறந்திருக்கிறாள். மேற்பட்டையில் மூன்று முகடுகள் எழும்பியிருந்தன. நான்காவது அதில் இல்லை. அது கீழ்ப்பட்டையில் இருந்தது.

அப்படியென்றால் அந்தச் சத்தம் விளையாட்டில் வரவில்லை. இந்த வீட்டில் வந்திருக்கிறது. அவள் ஹெட்ஃபோன் போட்டிருந்ததால் அவளுக்குத்தான் கேட்கவில்லை.

எழுந்து போய் வீடு முழுக்கப் பார்த்தாள். சமையலறையில் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. குளியலறையில் காலையில் தங்கை பூசிய சோப்பின் வாசனை இன்னும் போகாமல் நின்றது. அலமாரியைத் திறந்து, துணிகளுக்குப் பின்னால் கையை விட்டுத் துழாவிப் பார்த்தாள். வாசல் கதவைத் திறந்தால் எதிர்வீடு எப்போதும்போல் பூட்டிக்கிடந்தது. அங்கே குடியிருந்தவர்கள் காலி செய்து ஐந்து மாதமாகிறது. படிக்கட்டின் விளக்கு மட்டும் நடுப்பகலில் யாருக்காகவோ எரிந்துகொண்டிருந்தது. அவளுக்குப் பயமாக இருந்தது, அதே சமயம் வெட்கமாகவும் இருந்தது.

மைக்கில் கோளாறு இருக்கலாம் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். மைக்கில் விழுவது அப்படியே உடனுக்குடன் காதிலும் கேட்கும்படி ஒரு குமிழைத் திருப்பி வைத்தாள். விரலால் மேசையைத் தட்டினாள். தட்டியது ஹெட்ஃபோனில் துல்லியமாகக் கேட்டது, மூச்சு கேட்டது, நாற்காலியின் கிறீச் கேட்டது. கோளாறு எதுவும் இல்லை. விளையாட்டு ஓடினால்தான் பதிவும் ஓடும் என்பதால் அதைத் திறந்து, விளையாட்டுச் சத்தத்தை முழுக்கக் குறைத்துவிட்டு, ஊமைப்படம் போல ஆடினாள். ஒருத்தியைத் துரத்திப்போய்த் தாடையில் வெட்டினாள். சிவப்புப் பொத்தானை அழுத்தினாள். இந்த முறை கீழ்ப்பட்டையை மட்டும் ஓடவிட்டுக் கேட்டாள்.

மூச்சு. நாற்காலி. விசைகள். இருபத்திரண்டாவது விநாடியில், தொலைவிலிருந்து, மூடிய கதவுக்கு அப்பாலிருந்து, ஒரு குரல்.

"அக்கா."

சற்று முன்புதான் அதே இடத்தில் உட்கார்ந்து, அதே மைக்கின் வழியாக எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். அப்போது இந்தக் குரல் இல்லை. பதிவில் இருந்தது. குரல் தங்கையுடையது. அந்தக் கூப்பாடு அவளுக்கு நன்றாகத் தெரியும். பதினோரு வயதில் அம்மாவைத் தூக்கிக்கொண்டு போன அன்று தங்கை அப்படித்தான் கூப்பிட்டாள்.

தங்கையை ஃபோனில் அழைத்தாள்.

"எங்க இருக்க?"

"லேப்லதான். கையில ஊசி இருக்கு, சீக்கிரம் சொல்லு."

"சும்மாதான். நல்லா இருக்கல்ல?"

"காலையிலதான பாத்த? என்னக்கா, கேம் விளையாடி விளையாடி மண்டை கொழம்பிப்போச்சா?"

தங்கை உயிரோடு இருக்கிறாள், கிண்டல் செய்கிறாள், கையில் ஊசி வைத்திருக்கிறாள். அப்படியானால் பதிவில் இருப்பது நடந்தது இல்லை. இனி நடக்கப்போவது. இது எவ்வளவு கிறுக்குத்தனம் என்று அவளுக்கே தெரிந்தது. மறுபடி ஒருமுறை அந்தத் துண்டை ஓடவிட்டாள். 'அக்கா'வுக்குப் பின்னால், மிக மெல்ல, இன்னொருவர் மூச்சு விடுவதும் கேட்டது. பதற்றமே இல்லாத மூச்சு.

அவள் நேராகப் போய் உள்தாழ்ப்பாளைப் போட்டாள். மேலே ஒன்று, கீழே ஒன்று.

பிறகு தங்கைக்கு எழுதினாள். 'இன்னைக்கு வீட்டுக்கு வராத. உன் ஃப்ரெண்டு வீட்டுல தங்கிக்கோ. அப்புறம் சொல்றேன்.' அனுப்பியதும் கொஞ்சம் மூச்சு வந்தது. இந்த வாசலுக்கே வராதவளை இந்த வாசலில் வைத்து யார் என்ன செய்துவிட முடியும்? ஆனால் ஃபோன் சும்மா இருக்கவில்லை. எட்டு லட்சம், ஒன்பது லட்சம் என்று அந்தத் துண்டு ஓடிக்கொண்டே இருந்தது, விநாடிக்கு ஒரு தரம் டிங், டிங் என்று அடித்தது. கேட்கவிடாமல் தொல்லை செய்கிறதே என்று அதை ஊமையாக்கி, மேசையில் முகம் குப்புறக் கவிழ்த்து வைத்தாள்.

அந்த மூச்சு யாருடையது என்று தெரிய வேண்டும். தெரிந்தால்தான் இன்றைக்கு இல்லாவிட்டாலும் நாளைக்கு, நாளை மறுநாள் தங்கையைக் காப்பாற்ற முடியும். அதனால் ஆடினாள். வெட்டினாள், அழுத்தினாள், கேட்டாள். ஒன்றும் இல்லை. மறுபடி வெட்டினாள். திரையில் விரல்கள் பறந்தன, முழங்கால் பிளந்தது, தலையைப் பிடித்துச் சுவரில் மோதினாள். ஐம்பது, அறுபது பிணங்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு முப்பது விநாடி. வெளியே வெயில் இறங்கி, அறையின் மூலைகள் மங்கின. விளக்குப் போட எழுந்திருக்கவில்லை. சாப்பிடவும் இல்லை. உலர்ந்த வாயில் இரும்பைச் சப்பியது போல ஒரு ருசி இருந்தது.

இன்னொரு துண்டு. திறந்தாள். ஓடவிடும் பொத்தானை அழுத்தினாள்.

படிக்கட்டில் காலடி. அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். இதுதான். காலடி ஏறி வந்தது, நின்றது. சாவிக்கொத்தின் சலசலப்பு. பூட்டில் சாவி திரும்பியது. கதவு தாழ்ப்பாளில் இடித்து நின்றது.

"அக்கா, நான்தான். உள்ள போட்டிருக்கியா?"

அவள் ஹெட்ஃபோனை இரண்டு கையாலும் காதோடு அழுத்திக்கொண்டாள். குரல் இந்தத் துண்டில் எவ்வளவு தெளிவாக இருக்கிறது!

"எத்தனை தடவை அடிக்கிறது? ஃபோனை எடுக்க மாட்டியா? வராதன்னு நீ எழுதினதும் எனக்குக் கை கால் ஓடல. உனக்கு என்னக்கா ஆச்சு? கதவைத் திற."

பாவம், என் செல்லம், என்று நினைத்தாள். கண்ணில் நீர் முட்டியது. இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் ஓடட்டும், அவன் யார் என்று மட்டும் தெரியட்டும். சத்தத்தைக் கூட்டினாள். காலடி இன்னொன்று. கனமானது. அவசரம் இல்லாதது.

"யாருங்க நீங்க?" தங்கையின் குரல் திரும்பிப் பேசியது. "எதிர்வீட்டுக்கு வந்தீங்களா? அங்க யாரும் இல்லையே." குரல் மாறியது. "எதுக்கு என்னை ஃபோன்ல எடுக்கறீங்க?"

அந்த மூச்சு.

"அக்கா. அக்கா, கதவைத் திற. தாழ்ப்பாளை எடு. அக்கா!"

முதல் வெட்டு கதவில் விழுந்தது. மரம் பிளந்தது. இரண்டாவது மரத்தில் விழவில்லை. தங்கை கத்தினாள், கத்தல் பாதியில் நுரைத்தது. நகங்கள் கதவைப் பிறாண்டிக்கொண்டே கீழே இறங்கின. மூன்றாவது.

நாள், நேரம் ஏதாவது கேட்கிறதா? மணிச்சத்தம், வண்டிச்சத்தம், ஏதாவது? திரும்பக் கேட்க வேண்டும். பின்னால் இழுக்கச் சுட்டியைப் பிடித்தாள். திரையைப் பார்த்தாள்.

துண்டு இன்னும் திறக்கவே இல்லை. ஒரு சின்ன வட்டம் சுற்றிக்கொண்டிருந்தது.

ஓடும் இடத்தைக் காட்டும் கோடு தொடக்கத்தில் நின்றது.

பூஜ்ஜியம். மைக்கின் குமிழ் மட்டும் மதியம் திருப்பி வைத்தபடியே இருந்தது.

ஹெட்ஃபோனைப் பிடுங்கி எறிந்தாள். வெறும் காதில், தன் வீட்டு வாசலில், நான்காவது வெட்டு விழுந்தது. ஈரத்துணி. கல்.

எழும்போது அவள் முழங்கை மேசையில் கவிழ்ந்துகிடந்த ஃபோனைத் தட்டிவிட்டது. மல்லாந்து விழுந்தது. தங்கையிடமிருந்து இருபத்தேழு அழைப்புகள்.

எப்படி நடந்தாள் என்று தெரியவில்லை. கூடத்தில் இருட்டு. கதவின் மேல்பலகை பிளந்து, நாலு விரல் அகலத்துக்குப் படிக்கட்டு விளக்கின் வெளிச்சம் உள்ளே விழுந்தது. அடியில், கதவுக்கும் தரைக்கும் இடையே இருந்த இடுக்கில், இரண்டு விரல்கள் உள்ளே நீட்டிக்கொண்டிருந்தன. குட்டையாக வெட்டிய நகங்கள். ஸ்பிரிட் வாசனை. அதைச் சுற்றி ரத்தம் மெல்லப் பரந்து அவள் வெறுங்காலைத் தொட்டது. வெதுவெதுப்பாக இருந்தது.

"வந்துட்டேன்," என்றாள். "அக்கா வந்துட்டேன்டா." கீழ்த்தாழ்ப்பாள் சிக்கிக்கொண்டது. இழுத்தாள். வரவில்லை. மேல்தாழ்ப்பாளுக்குக் கையை உயர்த்தினாள்.

பிளவில் வெளிச்சம் மறைந்தது.

முகம் வரவில்லை. கோடாலி வரவில்லை. ஒரு ஃபோன் வந்தது. பிளவுக்கு நேராகக் குறுக்குவாட்டில், கொஞ்சமும் ஆடாமல், தேர்ந்த கை ஒன்று அதைப் பிடித்திருந்தது. அதன் பின்னால் பதற்றம் இல்லாத மூச்சு.

தரையில் நடுவிரல் ஒருமுறை மடங்கி நீண்டது.

ஃபோன் மெல்லக் கீழே சாய்ந்து, அந்த விரல் அசைந்து ஓயும்வரை பார்த்தது. பிறகு நிதானமாக மேலே வந்து, தாழ்ப்பாளில் கை வைத்தபடி நின்ற அவள் முகத்துக்கு நேரே நின்று, காத்திருந்தது.