சத்தம் போடாத காலுறை

"தள்ளுங்க, தள்ளுங்க!"

ஒரு ஜோடி காலுறையை உயர்த்திப் பிடித்தபடி, பத்து வயது தோன்கா அரங்கத்தின் படிகளில் தடதடவென்று இறங்கி ஓடினாள்.

ஸ்ப்ளிட் நகரில் சர்வதேச டேக்வாண்டோ போட்டி. காலை ஆட்டத்தில் அக்கா மரியேட்டாவின் காலுறை கிழிந்துவிட்டது. காரில் கிடந்த மாற்று ஜோடியைத்தான் தோன்கா கொண்டுவந்தாள். அடுத்தது காலிறுதி. ஜெயித்து அரையிறுதிக்குப் போனாலே வெண்கலமாவது நிச்சயம். எட்டு வருடமாக நாடு நாடாகப் போய் உதைத்தும் அக்காவின் கழுத்தில் ஒரு பதக்கம்கூட ஏறியதில்லை.

பரிசோதனை மேசைக்காரர் காலுறையை மார்புக் கவசத்தில் தட்டினார். உதை பட்டதும் கூவிப் புள்ளி காட்ட வேண்டிய கருவி வாயைத் திறக்கவில்லை.

"இதுல காந்தமே இல்ல. எத்தனை உதைச்சாலும் புள்ளி விழாது. வேற கொண்டு வாங்க. பத்து நிமிஷம்தான்."

"போன மாசம் நல்லாத்தானே இருந்துச்சு!" என்றாள் மரியேட்டா.

தோன்கா சட்டென்று குனிந்து, அவிழாத ஷூ கயிற்றை மறுபடி கட்டினாள்.

பயிற்சியாளர் ஸ்டீபே தலையைச் சொறிந்தார். "நம்ம அணியில உன் அளவு யாருக்குமே இல்லையேம்மா."

அக்காவின் அளவு முப்பத்தொன்பது. தோன்கா பயிற்சி அறைக்குப் பறந்தாள். மெத்தையோரம் வீராங்கனைகளின் ரப்பர் செருப்புகள் கிடந்தன. ஒவ்வொன்றாகப் புரட்டி அடியில் எண் பார்த்தாள். நாற்பத்தொன்று... முப்பத்தாறு... முப்பத்தொன்பது!

"ஏய், என் செருப்பை எங்க தூக்கிட்டுப் போற?"

சுவரோரம் பொஸ்னியா அணியின் ஜெனிதா உட்கார்ந்திருந்தாள். கண்ணும் மூக்கும் சிவந்திருந்தன.

"தூக்கல அக்கா, சும்மா பார்த்தேன். நீங்க அழுறீங்களா?"

"இல்ல, வெங்காயம் உரிக்கிறேன்."

தோன்கா பக்கத்தில் உட்கார்ந்து பையிலிருந்த பொரித்த இனிப்பை நீட்டினாள். "அம்மா செஞ்சது. கொஞ்சம் நொறுங்கிடுச்சு."

ஜெனிதா சிரித்துவிட்டாள். "முதல் ஆட்டத்துலயே தோத்துட்டேன்."

"எங்க அக்கா அப்படிப் பதினோரு தடவை தோத்திருக்கா. அப்புறமும் நல்லாத்தான் சாப்பிடுறா."

"சரி, என் செருப்புல என்ன பார்த்தே?"

அப்போதுதான் வந்த வேலை ஞாபகம் வந்தது. "ஐயோ, காலுறை!" மூச்சுவிடாமல் விஷயத்தைச் சொன்னாள்.

ஜெனிதா தன் பையைத் திறந்து ஒரு ஜோடியை நீட்டினாள். "ஜெயிச்சுட்டு, துவைச்சுத் தரச் சொல்லு."

"துவைக்கவா? வேண்டவே வேண்டாம்!" என்று அலறிக்கொண்டே ஓடினாள் தோன்கா.

மேசையில் கருவி கூவியது. மரியேட்டா களம் இறங்கினாள். மூன்றாம் சுற்று முடிய ஆறு நொடி இருக்கும்போது அவள் விட்ட உதை எதிராளியின் கவசத்தில் பளாரென்று விழுந்தது. இரண்டு புள்ளி, வெற்றி! தோன்காவும் ஜெனிதாவும் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள்.

மாலையில், கழுத்தில் வெண்கலம் ஆட, மரியேட்டா காரிலிருந்து வந்த அந்த மாற்றுக் காலுறையைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். "இதுல இருந்த காந்தமெல்லாம் எங்கதான் போச்சு?"

தோன்கா அக்காவின் கைக்கு எட்டாத தூரத்துக்கு நகர்ந்தாள். "நாத்தம் தாங்கலன்னு மெஷின்ல சுடுதண்ணியில துவைச்சேன். எல்லாம் கழண்டு வந்துடுச்சு..."

"வந்து?"

"நீ பதக்கத்தோட நிக்கிற மாதிரி ஒரு படம் வரைஞ்சேன்ல? அதை ஃப்ரிட்ஜ் கதவுல பிடிச்சுட்டு இருக்கிறதே அந்தக் காந்தம்தான்கா."